ஆளுக்கு 19 ரூபாய்

புதுச்சேரியின் வில்லியனூர் கொம்யூனிலும் பாகூர் கொம்யூனிலும் இதுவரை யாரும் பெரிய கல்யாணம் செய்ததில்லை. நம்பாதவர்கள் கூடப்பாக்கத்தில் விசாரிக்கலாம், சேலியமேட்டில் விசாரிக்கலாம், குருவிநத்தம் வரைக்கும் போய் விசாரிக்கலாம். "ஏதோ எங்க சக்திக்கு சிம்பிளா முடிச்சோம்" என்றுதான் எல்லா வீட்டிலும் சொல்வார்கள். பெரிய கல்யாணம் எப்போதும் அடுத்த தெருவில் நடப்பது. அடுத்த தெருவுக்குப் போய்க் கேட்டால் மெயின் ரோட்டு மாடிவீட்டைக் கை காட்டுவார்கள். மாடிவீட்டுக்காரர், "நாங்க என்னங்க செஞ்சோம், பாண்டியில ரெசார்ட்டுல பண்றானே மெட்ராஸ்காரன், அதைப் போய்ப் பாருங்க" என்பார்.

அந்த "சிம்பிள்" எப்படி ஊதிப் பெருக்கிறது என்று பார்ப்போம். முதலில், தாலியைக் கோயிலில் கட்டிவிட்டால் செலவு மிச்சம் என்று ஒரு பேச்சு வரும். வில்லியனூர் திருக்காமீஸ்வரர் கோயில், இல்லையென்றால் திருக்காஞ்சி, அதுவும் இல்லையென்றால் மயிலம் என்று முடிவாகும். அன்று சாயங்காலமே ஒரு சித்தப்பா, "ஜனங்க உக்காந்து சாப்பிட எடம் வேணாமா?" என்று கேட்பார். மண்டபம் பிடிப்பார்கள். மண்டபம் பிடித்துவிட்டு முந்தின நாள் ரிசப்ஷன் வைக்காமல் இருக்க முடியுமா? ரிசப்ஷன் என்றால் மேடை அலங்காரம். மேடை அலங்கரித்துவிட்டு வீடியோ மட்டும் எடுத்தால் அலங்காரம் வீண், எனவே டிரோன். வாசலில் வெல்கம் டிரிங்க், ஓரத்தில் பீடா ஸ்டால், பாப்கார்ன் ஸ்டால். கடைசியில், மாப்பிள்ளையின் நண்பர்களுக்குத் தனியாக ஒரு "ஏற்பாடு". புதுச்சேரியில் பிறந்தவர்களுக்கு இதற்கு விளக்கவுரை வேண்டாம். சிக்கனம் என்று கோயிலுக்குப் போன மனிதர் இரண்டு கல்யாணத்துக்குப் பணம் கட்டிவிட்டு, வருகிறவர்களிடமெல்லாம் சிம்பிளாக முடித்தோம் என்று கைகூப்பிக்கொண்டு நிற்கிறார்.

இதெல்லாம் சில்லறை. பெரிய தொகை பெண் பார்த்த அன்றே, ஒரு பைசா பேச்சு இல்லாமல் பேசி முடிக்கப்பட்டிருக்கும்.

"எங்களுக்கு ஒண்ணும் வேணாம் சம்பந்தி. உங்க பொண்ணுக்கு நீங்க செய்யறதைச் செய்ங்க."

"அது சரிங்க மாமா, இருந்தாலும் ஒரு வார்த்தை சொல்லிட்டா எங்களுக்கும் தோதா இருக்கும்."

"அட, என்னத்தைச் சொல்றது? பெரியவன் கல்யாணத்துல பதினஞ்சு பவுன் போட்டாங்க. நாங்க வாயத் தொறந்து கேக்கல. அவங்களா போட்டாங்க. வண்டி எடுத்துக் குடுத்தாங்க. அதுவும் அவங்களா குடுத்ததுதான்."

இவர் எதையும் கேட்கவில்லை, பாருங்கள். குடும்ப வரலாறு சொன்னார். 1961ஆம் ஆண்டின் வரதட்சணைத் தடைச் சட்டம், கேட்டாலே ஆறு மாதம் முதல் இரண்டு ஆண்டு வரை சிறை என்கிறது. கொடுத்தாலும் வாங்கினாலும் குறைந்தது ஐந்து ஆண்டு. பெரிய மருமகள் கொண்டு வந்ததைச் சின்ன மருமகளின் அப்பாவுக்கு எடுத்துச் சொல்வதைக் குற்றம் என்று எந்தப் பிரிவும் சொல்லவில்லை. சட்டம் எழுதியவர்கள் மெத்தப் படித்தவர்கள். நம் சம்பந்திகள் அவர்களை விடவும் படித்தவர்கள்.

அதே சட்டத்தின் கீழ் 1985இல் விதிகள் வந்தன. கல்யாணத்தில் வரும் பரிசுகளுக்குப் பட்டியல் போட வேண்டும், என்ன பொருள், தோராயமாக என்ன விலை, கொடுத்தவர் யார், என்ன உறவு என்று எழுத வேண்டும், கையெழுத்தும் வேண்டும். நாற்பது வருடம் ஆகிறது. இந்தப் பட்டியலைக் கண்ணால் பார்த்தவர் யாராவது பாகூர் பக்கம் இருந்தால் அவருக்கு நான் சால்வை போர்த்தத் தயார். பட்டியலே போடத் தெரியாத ஜனங்களா நாம்? மொய் மேசையைப் போய்ப் பாருங்கள். நான்கு மூலையிலும் மஞ்சள் தடவிய நோட்டு, முதல் பக்கத்தில் பிள்ளையார் சுழி, எழுத ஒருவர், எண்ண ஒருவர், ரப்பர் பேண்டு போட்டு மஞ்சள் பையில் கட்ட ஒருவர். அரங்கனூர் இன்னார் மகன் இன்னார், தாய்மாமன் வகை, 501 ரூபாய். இருபது வருடம் கழித்தும் அந்தப் பக்கத்தைப் புரட்டி, "நாம வெச்சது ஐநூறு, அவன் வெச்சது இருநூறு" என்று சொல்லிவிடுவார்கள். 501 ரூபாய்க்கு ஊர், தகப்பன் பெயர், உறவு எல்லாம் மையில் இருக்கிறது. கழுத்தில் ஏறிய பத்துப் பவுனுக்குத் துண்டுச் சீட்டு கிடையாது. பிறகு ஒரு நாள் அந்தப் பெண் பெட்டியோடு திரும்பி வந்து காவல் நிலையத்தில் நிற்கும்போது, "நகை போட்டதுக்கு என்னம்மா ஆதாரம்?" என்று கேட்பார்கள்.

பத்துப் பவுன் என்பது பெரிய தொகை என்று இங்கே யாரும் ஒப்புக்கொள்வதில்லை. "வெறும் பத்துப் பவுன்" என்பதே வழக்கு. கணக்குப் போடுவோம். 2025 அக்டோபரில் பவுன் 90,000 ரூபாயைத் தாண்டியது. ஆக, வெறும் பத்துப் பவுனுக்கு ஒன்பது லட்சம், செய்கூலி சேதாரம் தனி. அந்த ஆண்டு நூறு நாள் வேலைக்கு நாள் கூலி 336 ரூபாய். ஒரு பவுனுக்கு 268 நாள் மண் வெட்ட வேண்டும். பத்துப் பவுனுக்கு, ஆண்டுக்கு நூறு நாளும் தவறாமல் வேலை கிடைத்தாலும் (கிடைக்கிறதா என்று கேட்டுவிடாதீர்கள்) இருபத்தாறு வருடத்துக்கு மேல். அதாவது பிரசவம் முடிந்த அன்றே தாய் மண்வெட்டியோடு வாய்க்காலில் இறங்கி, ஒரு ரூபாயும் செலவழிக்காமல், பச்சைத் தண்ணீர் குடித்து வாழ்ந்தால், மகளுக்கு இருபத்தேழு வயது நடக்கும்போது நகை தயார். அந்த நேரம் பார்த்து மாப்பிள்ளை வீட்டார், பெண்ணுக்கு வயது கூடிவிட்டது, அதனால் இன்னும் இரண்டு சேர்த்துப் போடுங்கள் என்பார்கள்.

நிலம் இருக்கிறவன் பாடு தேவலை என்று நினைக்கிறீர்களா? பாகூரைப் புதுச்சேரியின் நெற்களஞ்சியம் என்பார்கள். 2024 நவம்பர் கடைசியில் ஃபெஞ்சல் புயல் கொட்டியது. பின்னாலேயே சாத்தனூர் அணைத் தண்ணீர் தென்பெண்ணையில் வந்து பாகூர் பக்கத்து ஊர்களுக்குள் புகுந்தது. பயிருக்கு ஹெக்டேருக்கு 30,000 ரூபாய் நிவாரணம் என்று அரசு அறிவித்தது. அந்தக் கணக்கில், வெறும் பத்துப் பவுன் போட முப்பது ஹெக்டேர் நெல் மூழ்க வேண்டும். செத்த மாட்டுக்கு 40,000. அரைப் பவுனுக்கும் குறைவு. இரண்டு போகம் பொய்த்த பிறகு அந்த நிலமே குழிக் கணக்கில் விற்று, கல் நட்டு, வண்ணக் கொடி கட்டி, மனையாகிறது. அந்த மனையின் விளம்பரத்தில் ஒரு குடும்பம் சிரித்துக்கொண்டிருக்கும். நிலத்தை விற்ற குடும்பம் அது இல்லை.

நிலமும் இல்லாதவர்களுக்குக் குழுக் கடன். ஆண்டு வருமானம் மூன்று லட்சத்துக்குள் இருக்கும் குடும்பத்துக்குத்தான் நுண்கடன் என்று ரிசர்வ் வங்கி 2022இல் வரம்பு வைத்தது. படிவத்தில் கறவை மாடு என்று எழுதுவார்கள். மாடு வராது; மண்டபத்துக்கு அட்வான்ஸ் போகும். மூன்று லட்சத்தைத் தாண்டாத வீடு என்று வங்கி சான்று தருகிற அதே வீட்டில்தான் ஒன்பது லட்சத்து நகையை "வெறும்" என்கிறோம்.

சரி, எது பெரிய கல்யாணம் என்று முடிவு செய்ய இந்த நாட்டில் ஆளே இல்லையா? தாராளமாக இருக்கிறார்கள். 2016 நவம்பர் 16 அன்று பெங்களூரு அரண்மனை மைதானத்தில் கர்நாடக முன்னாள் அமைச்சர் ஜனார்த்தன ரெட்டி வீட்டுக் கல்யாணம் நடந்தது. திறந்தால் படம் ஓடும் பெட்டிதான் அழைப்பிதழ். 500 கோடி செலவு என்று பத்திரிகைகள் எழுதின. பணமதிப்பு நீக்கம் வந்து எட்டு நாள்தான் ஆகியிருந்தது. நாடே ஏடிஎம் வாசலில் நின்றுகொண்டிருந்தது. அதற்கு ஐந்து நாள் கழித்து ரிசர்வ் வங்கி கல்யாண வீட்டாருக்கு ஓர் உத்தரவு போட்டது: சொந்தக் கணக்கில் இருக்கும் சொந்தப் பணத்தில் இரண்டரை லட்சம் எடுத்துக்கொள்ளலாம். சும்மா அல்ல. அழைப்பிதழ் காட்ட வேண்டும். மண்டபத்துக்கும் சமையலுக்கும் முன்பணம் கட்டிய ரசீது காட்ட வேண்டும். யார் யாருக்கு ரொக்கம் தரப் போகிறோம் என்று பட்டியல் தர வேண்டும். அவர்கள் ஒவ்வொருவரும் தமக்கு வங்கிக் கணக்கு இல்லை என்று எழுதிக் கொடுக்க வேண்டும். மறுநாள், பத்தாயிரமும் அதற்கு மேலும் வாங்குகிறவர்கள் எழுதிக் கொடுத்தால் போதும் என்று மனம் இரங்கினார்கள். வாழைமரம் கட்டுகிறவரிடமும் மேளக்காரரிடமும் போய், "அண்ணே, உங்களுக்கு அக்கவுண்ட் இல்லைன்னு ஒரு கையெழுத்துப் போடுங்க" என்று பெண்ணைப் பெற்றவன் அலைந்தான். எல்லோருக்கும் வங்கிக் கணக்கு திறந்துவிட்டோம் என்று மார் தட்டிய அதே அரசாங்கத்தின் காலம் அது.

2017இல் காங்கிரஸ் எம்.பி. ரஞ்சீத் ரஞ்சன் ஒரு தனிநபர் மசோதா கொண்டுவந்தார். ஐந்து லட்சத்துக்கு மேல் செலவானால் பெரிய கல்யாணம். அதில் பத்து சதவீதத்தை ஏழைப் பெண்களின் கல்யாண நிதிக்குக் கட்ட வேண்டும். நல்ல எண்ணம்தான். ஆனால் அன்று ஐந்து லட்சத்துக்கு ஏறக்குறைய 22 பவுன் வந்தது. இன்று ஆறு பவுன் வராது. அந்தக் கோட்டை வைத்து இன்று அளந்தால் நூறு நாள் வேலைக்குப் போகிற வீடெல்லாம் ஆடம்பர வீடு. அதே ஆண்டு ஜம்மு காஷ்மீர் அரசு, மகள் கல்யாணத்துக்கு 500 பேர், மகன் கல்யாணத்துக்கு 400 பேர், ஏழு சைவம், ஏழு அசைவம் என்று எண்ணிக் கொடுத்தது. 2023இல் மக்களவையில் விவாதத்துக்கு வந்த ஜஸ்பீர் சிங் கில்லின் மசோதா நூறு பேர், பத்து வகை பதார்த்தம், மொய்க்கு 2,500 ரூபாய் என்றது. பாகிஸ்தான் 1997இல் ஒரே போடாகப் போட்டது: கல்யாணத்தில் சாப்பாடே கூடாது, டீயும் குளிர்பானமும் கொடுத்து அனுப்புங்கள். எத்தனை பொரியல், எத்தனை பாயசம் என்பதில் இவர்களுக்கெல்லாம் கண் இருந்தது. பந்தி இலையைத் தாண்டி நகைப்பெட்டிப் பக்கம் ஒருவர் கண்ணும் போகவில்லை.

நம்மூர் அரசும் கல்யாணத்தில் கண்டிப்புக் காட்டியதுண்டு. 2023 மே மாதம் புதுச்சேரியில் ஒரு கல்யாண வரவேற்பில் தாம்பூலப் பையில் தேங்காய், வெற்றிலையோடு குவார்ட்டர் பாட்டிலும் வைத்துக் கொடுத்தார்கள். செய்தி பரவிய வேகத்தில் கலால் துறை வந்து அபராதம் போட்டுவிட்டுப் போனது. நூறு பவுன் போட்டிருந்தால் யாரும் வந்திருக்க மாட்டார்கள். பாட்டிலில் வரி இருக்கிறது.

இந்த விஷயத்தில் உச்சமான தீர்ப்பு தமிழ்நாட்டுக் கல்யாணம் ஒன்றுக்குக் கிடைத்தது. 1995 செப்டம்பர் 7, சென்னை. அன்றைய முதல்வர் ஜெயலலிதாவின் வளர்ப்பு மகன் கல்யாணம். கட்அவுட்டும் அலங்கார வளைவும் பார்த்தவர்களுக்கு இன்னும் மறந்திருக்காது. ஒன்றரை லட்சம் விருந்தினர் என்று கின்னஸில் ஏறியது. பிறகு சொத்துக் குவிப்பு வழக்கு வந்தது. இந்தக் கல்யாணத்துக்கு முதல்வர் தரப்பு செய்த செலவு எவ்வளவு? அரசுத் தரப்பு 6,45,04,222 ரூபாய் என்றது. அந்தக் கடைசி இரண்டு ரூபாய் என்ன செலவோ, தெரியவில்லை. 2014இல் விசாரணை நீதிமன்றம் மூன்று கோடி என்றது. 2015 மே மாதம் கர்நாடக உயர் நீதிமன்றம் 28,68,000 என்றது. ஒன்றரை லட்சத்தால் வகுத்துப் பாருங்கள்: ஆளுக்கு 19 ரூபாய், கொசுறாகப் பன்னிரண்டு பைசா. மிச்சச் செலவு? இந்து மரபில் கல்யாணச் செலவு பெண் வீட்டாருடையது என்பது அந்தத் தீர்ப்பு காட்டிய நியாயம். 2017 பிப்ரவரி 14 அன்று உச்ச நீதிமன்றம் அந்தத் தீர்ப்பைத் தள்ளி, பழைய தீர்ப்பை நிலைநிறுத்தியது. அதற்குள் ஜெயலலிதா காலமாகிவிட்டார்.

தீர்ப்பு போனது, அந்த மரபு எங்கும் போகவில்லை. கல்யாணச் செலவு பெண் வீட்டாருடையது. கோட்டையில் இருந்தவர்களுக்கு இந்த வாக்கியம் கணக்கிலிருந்து கோடிகளை எடுத்துவிட்டது. கரையாம்புத்தூரில் அதே வாக்கியம் ஒருவரின் காணி நிலத்தை எடுக்கிறது. மேலே நிற்கிறவனுக்குச் செலவைக் குறைத்துக் காட்டவும் கீழே நிற்கிறவனுக்குக் கூட்டிக் கட்டவும் ஒரே மரபு உதவுகிறதென்றால், அதை வகுத்தவர்கள் சாமர்த்தியசாலிகள் என்பதில் சந்தேகம் இல்லை.

ஊர்த் தீர்ப்பு இன்னும் கறார். இங்கே உள்ளாட்சிக்கு 1968க்குப் பிறகு 2006இல்தான் தேர்தல் நடந்தது. அந்தப் பதவிக்காலம் 2011இல் முடிந்தது. அதற்குப் பிறகு தேர்தலே இல்லை. தெருவுக்குக் குடிநீர்க் குழாய் எங்கே போடுவது என்று முடிவெடுக்க நாம் தேர்ந்தெடுத்த ஆள் ஒருவரும் இல்லாத ஊரில், பந்தியில் ஐஸ்கிரீம் வைக்காத குடும்பத்துக்குத் தீர்ப்பு எழுத மொய் மேசைக்குப் பக்கத்திலேயே நாற்பது பேர் உட்கார்ந்திருக்கிறார்கள். "பொண்ணு கழுத்துல ஒண்ணுமே காணோமே" என்ற ஒரு வரிக்கு மேல்முறையீடு இல்லை.

அந்த நேரத்தில் வாசலில் வெடிச் சத்தம் கேட்கும். தலைவர் வருகிறார். பேனர் தடைச் சட்டம் 2000ஆம் ஆண்டிலிருந்து இருக்கும் ஊரில், மணமக்களை ஓரமாகத் தள்ளிவிட்டுப் பேனரின் பாதியில் அவர் சிரித்துக்கொண்டு நிற்கிறார். நேரில் வந்து அட்சதை போட்டு, கவர் கொடுத்து, சாப்பிடாமல், நான்கு நிமிடத்தில் அடுத்த மண்டபத்துக்குப் போகிறார். மைக் கொடுத்தால் எளிமையைப் பற்றி இரண்டு வார்த்தை சொல்வார். புதுச்சேரியில் சட்டமன்ற வேட்பாளர் 28 லட்சத்துக்குள்தான் செலவு செய்யலாம் என்பது தேர்தல் ஆணையத்தின் வரம்பு. அவர் தரும் கணக்கு அதைத் தாண்டாது. 28 என்ற எண்ணுக்கு அப்படி ஒரு ராசி.

மலிவாகக் கல்யாணம் செய்யச் சட்டம் இல்லையா என்றால், இருக்கிறது. சுயமரியாதைத் திருமணத்தைத் தமிழ்நாடு 1967இல் சட்டமாக்கியது, புதுச்சேரி 1971இல். உறவினர், நண்பர்கள் முன்னிலையில் மாலை மாற்றினாலோ மோதிரம் போட்டாலோ தாலி கட்டினாலோ போதும். சந்தை விலையில் 200 ரூபாய் மாலை இரண்டு. ஆனால் அப்படிக் கல்யாணம் செய்தால் "என்ன அவசரமோ" என்று பெண்ணின் வயிற்றைப் பார்ப்பார்கள். அதே சட்டத்தைப் பெருமையாகப் பேசும் கட்சிக்காரர்கள் அதே முறைப்படி, தலைவர் தாலி எடுத்துக் கொடுக்க, ஐயர் மட்டும் இல்லாத ஆடம்பரக் கல்யாணம் செய்கிறார்கள். மிச்சம் ஐயர் தட்சணை. காதலித்து, சாதி மாறி, சத்தமில்லாமல் பதிவு செய்தால் செலவே கிடையாது. அப்படிச் சிக்கனமாக மணந்த ஒரு ஜோடியை விருத்தாசலம் பக்கம் 2003இல் காதிலும் மூக்கிலும் விஷம் ஊற்றிக் கொன்று எரித்தார்கள்.

தேசிய குற்ற ஆவணக் காப்பகம் 2022இல் பதிவு செய்த வரதட்சணைச் சாவு வழக்குகள் 6,450. அவை எல்லாம் மாடிவீட்டுக் கல்யாணங்களும் அல்ல. பெரும்பாலானவற்றின் பத்திரிகையில் "தங்கள் நல்வரவை நாடும்" என்று அடக்கமாகத்தான் அச்சடித்திருப்பார்கள்.

ஆகவே அடுத்த முறை கல்யாணச் செலவுக்கு உச்சவரம்பு என்று யாராவது சபையில் எழுந்தால், அவர் வீட்டுக் கடைசிக் கல்யாணத்தின் மொய் நோட்டை முதலில் மேசையில் வைக்கட்டும். நகைக்கடை பில், பந்தல்காரர் ரசீது, 1985 விதிப்படி கையெழுத்துப் போட்ட பரிசுப் பட்டியல், எல்லாம் வைக்கட்டும். கூடவே, பத்தாயிரத்துக்கு மேல் ரொக்கம் வாங்கிய ஒவ்வொருவரிடமும் வங்கிக் கணக்கு இல்லை என்று எழுதி வாங்கிக்கொண்டு வரட்டும். நாங்கள் வாங்கினோம்.